ஜனவரி ஒன்றாம் தேதி முளைக்கும் கால்

எங்கள் ஆபீஸில் ஒரு பழைய ஜோக் உண்டு. ஜனவரி ஒன்றாம் தேதி விடிந்தால் அமெரிக்காவில் கால் போனவர்களுக்கெல்லாம் கால் முளைத்துவிடும். வேலைக்குச் சேர்ந்த முதல் மாதமே இதைச் சொல்லிவிடுவார்கள். நான் நாலு வருஷம் இதற்குச் சிரித்தேன். புதுப் பையன்களுக்கு நானே சொல்லிச் சிரிக்க வைத்திருக்கிறேன். 2019க்குப் பிறகு யாராவது இதை எடுத்தால் எழுந்து பாத்ரூமுக்குப் போய்விடுகிறேன்.

ஜோக் புரிய வேண்டுமென்றால் என் பிழைப்பைக் கொஞ்சம் சொல்லியாக வேண்டும். அந்த நாட்டில் 65 வயது தாண்டியவர்களுக்கு மெடிகேர் என்று அரசாங்கக் காப்பீடு இருக்கிறது. அதையே தனியார் காப்பீட்டுக் கம்பெனிகள் எடுத்து நடத்தும் ஒரு வகையும் உண்டு. சேர்ந்திருக்கும் கிழவர் எவ்வளவுக்கெவ்வளவு சீக்காளியோ அவ்வளவுக்கவ்வளவு கம்பெனிக்கு அரசாங்கம் கூடுதலாகப் பணம் தரும். சீக்கு இருக்கிறது என்பதற்கு டாக்டர் எழுதிய குறிப்பு வேண்டும். அதுவும் வருஷா வருஷம் புதிதாக வேண்டும். வலது கால் முழங்காலுக்குக் கீழே இல்லை என்று போன வருஷம் எழுதியிருந்தாலும், இந்த வருஷம் எந்த டாக்டரும் எழுதவில்லையென்றால் கணக்கில் அந்தக் கால் இருக்கிறது. முளைத்துவிட்டது. இல்லாத காலுக்கு ஒரு எண் உண்டு. இசட் 89.511. டாக்டரின் குறிப்புகளில் அந்தக் கால் எங்கே இல்லாமல் இருக்கிறது என்று தேடிக் கண்டுபிடித்து அந்த எண்ணைப் போடுவது என் வேலை. மெடிக்கல் கோடிங்.

பத்து வருஷம் முடிந்துவிட்டது. ஒரு ஷிப்டுக்கு 90 சார்ட், அதாவது 90 நோயாளிகளின் குறிப்புகள். ஒரு மனுஷருக்கு ஐந்து நிமிஷம். படிக்கக் கூடாது, படித்தால் டார்கெட் போய்விடும். கண்ணை ஓட்ட வேண்டும். சர்க்கரை, ஈ 11.9. ரத்தக் கொதிப்பு, ஐ 10. அடுத்த சார்ட். சர்க்கரை. ரத்தக் கொதிப்பு. அடுத்தது. ஒரு கிழவிக்குப் புருஷன் செத்துப் போய் மூன்று மாதம், ராத்திரி தூக்கமில்லை என்று டாக்டர் நாலு வரி எழுதியிருப்பார். அந்த நாலு வரியில் எனக்கு வேலையில்லை. கீழே சர்க்கரை இருக்கிறதா? இருக்கிறது. அடுத்தது. கணக்குப் போட்டுப் பார்த்தேன். இரண்டு லட்சம் பேரைத் தாண்டியிருக்கிறேன். பார்த்திருக்கிறேன் என்று எழுத வரவில்லை.

இதையெல்லாம் சொன்னால் ஒரே ஒரு கேள்விதான் வரும். "உனக்கென்னப்பா குறைச்சல்? ஏசி ரூம், வீட்டு வாசலுக்கே வண்டி, மாசம் பொறந்தா சம்பளம்." என் சொந்த சித்தப்பா கேட்டார். அவர் கொத்தனார். சித்திரை வெயிலில் சாரத்தில் நிற்பவரிடம் போய், உட்கார்ந்த இடத்தில் எனக்குச் செத்துப் போகிற மாதிரி இருக்கிறது என்று எந்த வாயால் சொல்வேன்? அந்தக் கூச்சம்தான் பத்து வருஷம் என் வாயை அடைத்து வைத்திருந்தது. ஆனால் சித்தப்பா சாயங்காலம் மண்வெட்டியைக் கழுவும்போது திரும்பிப் பார்ப்பார். காலையில் இல்லாத நாலு வரிசைச் செங்கல் அங்கே நிற்கும். ராத்திரி பதினொரு மணிக்கு சிஸ்டத்தை அணைக்கும்போது எனக்கு என்ன நிற்கிறது? 90 என்ற எண் பச்சை நிறத்தில் நிற்கும். 88 என்றால் சிவப்பில்.

நான் நண்டு பார்த்தவன்.

சிரிக்காதீர்கள். எம்.எஸ்சி. விலங்கியல். எங்கள் ஊர் முத்துப்பேட்டைக்குப் பக்கம். காவிரியின் கடைமடை. ஆறுகள் கடலில் கலக்கிற அந்தச் சேற்றில் அலையாத்திக் காடு நிற்கிறது. 2014இல் படிப்பின் கடைசி வருஷம் நாலு மாதம் அந்தச் சேற்றில்தான் கிடந்தேன். ஒரு கொடுக்கு மட்டும் உடம்பளவுக்குப் பெருத்திருக்கும் சின்ன நண்டு, ஃபிடில் நண்டு என்று புத்தகத்தில் போட்டிருக்கும், அதுதான் என் ஆராய்ச்சி. தண்ணீர் வடிந்ததும் வளையைவிட்டு ஆண் நண்டு வெளியே வந்து அந்தப் பெரிய கொடுக்கைத் தூக்கித் தூக்கிக் காட்டும். ஒவ்வொரு வகைக்கும் ஆட்டுகிற விதம் வேறு. நேரே தூக்கி இறக்குவது ஒன்று, பக்கவாட்டில் வட்டம் போடுவது ஒன்று. முழங்கால் சேற்றில் அசையாமல் அரை மணி நேரம் நின்றால்தான் வெளியே வரும். நிற்பேன். கொசு பிடுங்கும். நிற்பேன். பென்சிலால் வரைந்து கொள்வேன். எங்கள் பேராசிரியர் என் நோட்டைப் புரட்டிப் பார்த்துவிட்டு, "உனக்குக் கண்ணு இருக்குடா" என்றார். அவர் யாரையும் லேசில் பாராட்டுகிறவர் இல்லை.

அந்த நண்டுக்குக் கொடுக்கு போனால் மறுபடி முளைக்கும். எதிரி பிடித்துக்கொண்டால் தானே ஒடித்துப் போட்டுவிட்டு ஓடிவிடும். அடுத்தடுத்துத் தோலுரிக்கையில் புதுக் கொடுக்கு வந்துவிடும். அதைத்தான் நான் அளந்துகொண்டிருந்தேன், மில்லிமீட்டர் மில்லிமீட்டராக. பிறகு இல்லாத கால்களுக்கு எண் போடும் பிழைப்புக்குத்தான் வந்து சேர்வேன் என்று அன்றைக்கு யாராவது ஜோசியம் சொல்லியிருந்தால் அடித்திருப்பேன்.

படிப்பு முடிந்தது. பி.எச்டி. சேர வேண்டுமென்றால் உதவித்தொகை கிடைக்கிற வரைக்கும் கைக்காசு போட்டுச் சாப்பிட வேண்டும். கௌரவ விரிவுரையாளர் சம்பளம், பேரில் மட்டும்தான் கௌரவம். அப்பாவுக்கு நாற்பது தென்னை, வேறு வருமானம் கிடையாது. அந்தச் சமயத்தில்தான் திருவாரூர் பஸ் ஸ்டாண்டில் ஒரு நோட்டீஸ் கையில் திணிக்கப்பட்டது. உயிரியல் பட்டதாரிகளே, மருத்துவத் துறையில் நூறு சதவீத வேலை உத்தரவாதம். மருத்துவத் துறை! அப்பா அந்த வார்த்தையைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டார். 2015 அக்டோபர் ஒன்றாம் தேதி அமெரிக்கா பழைய நோய்க் குறியீட்டிலிருந்து புதியதற்கு மாறியது. பதினாலாயிரம் சொச்சமாக இருந்த எண்கள் எழுபதாயிரத்தை ஒட்டிப் பெருகின. கிளி கொத்தினால் ஒரு எண். வாத்து மோதினால் ஒரு எண். இத்தனையையும் போட்டு முடிக்க ஆள் வேண்டாமா? தமிழ்நாட்டில் விலங்கியலும் தாவரவியலும் நுண்ணுயிரியலும் நர்சிங்கும் பிசியோதெரபியும் படித்துவிட்டு வேலையில்லாமல் நின்ற பிள்ளைகள்தான் அந்த ஆள்.

பயிற்சிக்கு 35,000 ரூபாய். அம்மாவின் தோடும் ஒரு செயினும் அடகுக்குப் போயின. மூன்று மாதத்தில் உடம்பின் பாகங்கள், எண்கள், விதிகள். வேலை கிடைத்தது, பொய் சொல்லக் கூடாது, கிடைத்தது. சேர்ந்த அன்றைக்கே பத்தாம் வகுப்பிலிருந்து எம்.எஸ்சி. வரைக்கும் ஒரிஜினல் சான்றிதழ்களை வாங்கி வைத்துக்கொண்டார்கள். இரண்டு வருஷ பாண்ட். என் கையெழுத்துதான், யாரும் கையைப் பிடித்துப் போட வைக்கவில்லை. ஆனால் கேட்கிறேன், இருபத்து மூன்று வயதுப் பையன், வீட்டில் தோடு அடகில் இருக்கிறது, எதிரே ஒரு காகிதம். அதில் அவன் வேறு என்ன செய்துவிட முடியும்?

நாங்கள் வேலை செய்யும் ஃப்ளோருக்குள் பேனா கொண்டுபோகக் கூடாது. காகிதம் கூடாது. செல்போன் கூடாது. நோயாளிகளின் விவரம் வெளியே போய்விடக் கூடாதாம். நியாயம்தான், நான் அதைக் குற்றம் சொல்லவில்லை. வாசலில் லாக்கர், பையை வைத்துப் பூட்டிவிட்டு வெறுங்கையோடு உள்ளே போக வேண்டும். ஆனால் பென்சிலும் கையுமாக வளர்ந்தவனுக்கு அந்த வெறுங்கை என்ன செய்யும் தெரியுமா? விரல்கள் தானாக மேஜையில் கோடு போடும். சேர்ந்து எட்டாவது மாதம். அன்றைக்கு சிஸ்டம் பத்து நிமிஷம் நின்றுவிட்டது. பக்கத்து சீட்டுப் பெண்ணின் ஐ லைனர் பென்சில் கீழே கிடந்தது. சாப்பாட்டு மேஜையிலிருந்து வந்த ஒரு டிஷ்யூ பேப்பர் என் சட்டைப் பையில் இருந்தது. நண்டு வரைந்தேன். கொடுக்கைத் தூக்கி நிற்கிற மாதிரி. எட்டு மாதத்தில் அன்றைக்குத்தான் மூச்சு விட்டேன். கேமரா பார்த்துவிட்டது. வார்னிங் லெட்டர். அதில் கையெழுத்துப் போடும்போது டீம் லீடர் மெதுவாகக் கேட்டான், "ப்ரோ, நிஜமாவே நண்டா?" அவனும் விலங்கியல்தான். வேறு கல்லூரி.

எங்கள் வேலையில் ஒரு சோதனை உண்டு. டாக்டர் அந்த நோயைக் கண்காணித்தாரா, பரிசோதித்தாரா, மதிப்பிட்டாரா, சிகிச்சை தந்தாரா என்று பார்க்க வேண்டும். ஆங்கிலத்தில் நாலுக்கும் முதலெழுத்தைச் சேர்த்து 'மீட்' என்போம். "இதுல மீட் இருக்கா?" என்று ஃப்ளோர் முழுக்கக் கேட்டுக்கொண்டே இருக்கும். தமிழில் அந்தச் சொல்லுக்கு என்ன பொருள் என்று அங்கே யாருக்கும் நினைவு வருவதில்லை.

இப்போது 2018க்கு வருகிறேன். வராமல் சுற்றிக்கொண்டே இருக்கிறேன் என்று எனக்கே தெரிகிறது.

நவம்பர் 16 விடிகாலை கஜா புயல் கரை ஏறியது. நாகப்பட்டினத்துக்கும் வேதாரண்யத்துக்கும் நடுவே. எங்கள் பக்கத்துத் தென்னை எல்லாம் தலை திருகி விழுந்தது. அப்பாவின் நாற்பதில் முப்பத்தொன்று போயிற்று. மரத்துக்கு 1,100 ரூபாய் நிவாரணம் என்றார்கள். அதில் 500 வெட்டி அப்புறப்படுத்துகிற கூலி. என் நண்டு நோட்டுகள் இருந்த பரண்மேல் கூரைத் தகரம் பறந்துவிட்டது, நோட்டுகள் கூழாகிவிட்டன. இரண்டு நாள் லீவு கிடைத்தது. போனேன், பார்த்தேன், வந்துவிட்டேன். ஆபீஸில் வருஷக் கடைசி நெருக்கடி. நவம்பரிலிருந்து ஜனவரி முடிய லீவு பிளாக் என்று மெயில் வந்திருந்தது. அமெரிக்கக் கம்பெனிகள் கணக்கு அனுப்பி முடிக்கிற காலம்.

டிசம்பர் முதல் வாரம் அப்பா போன் செய்தார். மரத்தை இழுத்துப் போடும்போது தகரத்து ஆணி காலில் ஏறிவிட்டதாம். "சின்னக் காயம்தான்டா. வலியே இல்ல."

வலியே இல்லை.

அப்பாவுக்குப் பன்னிரண்டு வருஷமாகச் சர்க்கரை. பன்னிரண்டு வருஷச் சர்க்கரைக்காரர் காலில் ஆணி ஏறி வலிக்கவில்லை என்றால் அது நல்ல சேதி இல்லை. கால் நரம்பு செத்துவிட்டது என்று அர்த்தம். ஈ 11.42. இது எனக்குத் தெரியாதா? அன்றைக்கு ஒரே ஷிப்டில் அந்த எண்ணைப் பத்துத் தடவைக்குக் குறையாமல் போட்டிருப்பேன். அடுத்தது காலில் புண், ஈ 11.621. அடுத்தது அழுகல், ஈ 11.52. எண்கள் வரிசையாகத் தெரியும். தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வேன். ஆனால் அப்பா போனில் சொன்ன அந்த இரண்டு வார்த்தை என் காதில் விழுந்து, வழிந்து, போய்விட்டது. "மருந்து போட்டுக்கப்பா" என்றேன். கேப் கீழே ஹாரன் அடித்துக்கொண்டிருந்தான். போனை வைத்துவிட்டேன்.

இதை எப்படிச் சொல்வேன்? நாலு வருஷமாகப் பக்கங்களின்மேல் கண்ணை ஓட்டி ஓட்டி, மனுஷர் சொல்வதன்மேலும் காதை ஓட்டப் பழகிவிட்டேன். எண் கிடைத்தால் நிற்கும், கிடைக்காவிட்டால் நகர்ந்துவிடும். அப்பாவின் பேச்சில் எண் இல்லை. அடுத்தது.

டிசம்பர் கடைசியில் அம்மா பேசினாள். "தம்பி, ஒரு மாதிரி நாத்தம் அடிக்குதுய்யா. ஒரு எட்டு வந்துட்டுப் போயேன்." அப்போதுதான் உள்ளே ஏதோ விழுந்தது. லீவு கேட்டேன். டீம் லீடர் முகத்தைப் பார்க்காமல் சொன்னான், "இயர் எண்ட் ப்ரோ, உங்களுக்குத் தெரியாததா? ஜனவரி முடிஞ்சு ஒரு வாரமா எடுத்துக்கங்க." மேலே எழுதிப் போட்டேன். பதில் வந்தது, பிளாக் காலத்தில் விதிவிலக்கு இல்லை. ஓடி வந்திருக்க வேண்டாமா? வேலையை வீசிவிட்டு வந்திருக்க வேண்டாமா? என்னை நானே ஆயிரம் தடவை கேட்டுவிட்டேன். அப்போது என் பிள்ளைக்கு நாலு மாதம். கஜாவுக்குப் பிறகு அந்த வீட்டுக்கே வருமானம் என்று இருந்தது என் சம்பளம் ஒன்றுதான். நான் பயந்தேன். எழுதி வைக்கிறேன், நான் பயந்தேன்.

ஜனவரி ஒன்றாம் தேதி ஃப்ளோரில் கேக் வெட்டினார்கள். எவனோ ஒருத்தன் அந்த ஜோக்கைச் சொன்னான். எல்லாரும் சிரித்தோம். நானும்தான்.

ஏழாம் தேதி அப்பாவை மெடிக்கல் காலேஜ் ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள். ஒன்பதாம் தேதி வலது கால், முழங்காலுக்குக் கீழே எடுத்துவிட்டார்கள். நான் எட்டாம் தேதி ராத்திரி பஸ் ஏறினேன், யாரையும் கேட்காமல். அங்கிருந்த பெரிய டாக்டர் நல்லவர். கோபப்படவில்லை. "மூணு வாரம் முன்னாடி கூட்டிட்டு வந்திருந்தா விரலோட போயிருக்கும். நீங்க என்ன பண்றீங்க?" என்று கேட்டார்.

"மெடிக்கல் கோடிங் சார்."

அவர் கேஸ் ஷீட்டிலிருந்து நிமிர்ந்து பார்த்தார். ஒன்றும் பேசவில்லை. ஏதாவது பேசியிருக்கலாம். திட்டியிருக்கலாம். அந்தப் பார்வையை ஏழு வருஷமாகச் சுமந்துகொண்டு திரிகிறேன்.

அந்த வருஷப் பொங்கல் ஆஸ்பத்திரி வராந்தாவில். அம்மா டிபன் கேரியரில் சர்க்கரைப் பொங்கல் வைத்துக்கொண்டு, அப்பாவுக்குக் கொடுக்கலாமா கூடாதா என்று என்னைக் கேட்டாள். மருத்துவத் துறையில் இருக்கிறவன் அல்லவா நான்!

இப்போது கல்லூரிகளை நடத்துகிறவர்களைக் கேட்கிறேன். உயிருள்ளதை நின்று பார்க்கக் கற்றுக்கொடுத்துவிட்டு, பார்க்கவே கூடாத வேலைக்கு எங்களை வரிசையாக அனுப்புகிறீர்களே, அப்புறம் எதற்கு அந்தப் படிப்பு? எத்தனை கல்லூரியில் விலங்கியல், எத்தனையில் நுண்ணுயிரியல்? முடித்துவிட்டு வெளியே வருகிற பிள்ளை எங்கே போகும் என்று ஒருநாளாவது யோசித்தீர்களா? நான் வேலையில் இருந்துகொண்டே, கல்லூரி ஆசிரியராவதற்கான செட் தகுதித் தேர்வு எழுதித் தேறினேன். 2019இல் அரசு கலை அறிவியல் கல்லூரிகளுக்கு 2,331 உதவிப் பேராசிரியர்கள் என்று அறிவிப்பு வந்தது. எழுத்துத் தேர்வு இல்லை, கற்பித்த அனுபவத்துக்கு மதிப்பெண். என் நாலு வருஷ அனுபவத்துக்கு அங்கே பூஜ்யம். கடைசியில் அந்த அறிவிப்பும் ஆள் எடுக்காமலேயே ரத்தாகிப் போனது. விண்ணப்பித்துவிட்டுக் காத்திருந்த வருஷங்களை யார் திருப்பித் தருவார்கள்?

கம்பெனியைக் கேட்கிறேன். சான்றிதழை வாங்கிப் பூட்டினீர்களே, அது என்ன உங்கள் வீட்டுப் பத்திரமா? அமெரிக்காவில் ஒருவர் கால் இல்லாமல் இருப்பதை ஒரு வருஷம்கூட விட்டுவிடக் கூடாது என்று எங்கள் கண்ணைப் பிழிந்தீர்களே. இங்கே ஒருவர் கால் போய்க்கொண்டிருக்கிறது, நாலு நாள் விடுங்கள் என்றபோது ஏன் உங்கள் கண்ணுக்குத் தெரியவில்லை? டாக்குமென்ட் பண்ணாதது நடக்காதது என்பது எங்கள் வேலையின் முதல் பாடம். அப்படியானால் எங்களுக்கு நடந்ததெல்லாம் நடக்காததா?

எங்கள் நிலைக்கும் ஒரு எண் இருக்கிறது, தெரியுமா? இசட் 73.0. வேலையிலேயே எரிந்து சாம்பலாவதற்கு. அப்பாவுக்குக் கால் போன அதே 2019இல் உலக சுகாதார நிறுவனமும் இதைத் தன் புதுப் பட்டியலில் விளக்கி எழுதியது. நோய் இல்லை, வேலை சார்ந்த ஒரு நிலை என்று. நோய்கூட இல்லையாம்! அந்த எண்ணை நானாக எனக்குப் போட்டுக்கொள்ள முடியாது. டாக்டர் எழுத வேண்டும். டாக்டரிடம் போக லீவு வேண்டும்.

இந்த வேலையும் முடியப் போகிறது என்கிறார்கள். போன வருஷம் ஒரு மென்பொருளைக் கொண்டுவந்து இறக்கினார்கள். சார்ட்டை அதுவே படித்து, எண்ணை அதுவே போட்டுவிடுகிறது. நான் பார்த்து 'ஏற்கிறேன்' என்ற பொத்தானை அமுக்கினால் போதும். 90 என்பது 160 ஆயிற்று. எங்கள் டீமில் பதினெட்டுப் பேர் இருந்தோம், இப்போது பதினொன்று. பத்து வருஷமாக யோசிக்காதே, நிற்காதே, ஓட்டு என்று பழக்கினார்கள். பழகிய பிறகு, இதற்கு மனுஷன் எதற்கு என்கிறார்கள். எனக்கு முப்பத்து நாலு வயது. இனிமேல் எந்தச் சேற்றில் போய் நிற்பேன்?

உண்மையாகவே போய் நின்றேன். இந்தப் பொங்கலுக்கு ஊருக்குப் போயிருந்தபோது, தண்ணீர் வடிகிற நேரம் பார்த்து அலையாத்திக் காட்டு ஓரத்துக்குப் போனேன். கஜாவில் முறிந்த மரங்கள் அப்படியே மொட்டையாக நிற்கின்றன, கீழே புதுக் கன்றுகள் வந்திருக்கின்றன. நண்டுகள் வெளியே வந்துவிட்டிருந்தன. கொடுக்கைத் தூக்கித் தூக்கி. நூற்றுக்கணக்கில். ஆனால் நான் பார்த்துக்கொண்டிருந்தேனா? கண் சேற்றின் இடது மூலையில் ஆரம்பித்து, வலதுபக்கம் ஓடி, அடுத்த வரிக்கு இறங்கியது. மறுபடி இடதிலிருந்து வலம். பக்கம் ஓட்டுகிற மாதிரி. ஒரு நண்டில் நிறுத்திப் பார்த்தேன். நிற்கவில்லை. நாலு நிமிஷத்தில் கை தானாக இல்லாத மௌஸைத் தேடியது. கரையில் உட்கார்ந்து அழுதேன். அப்பாவின் கால் போனதற்குக்கூட அப்படி அழுததில்லை.

வீட்டுக்கு வந்தேன். அப்பா திண்ணையில் உட்கார்ந்து செயற்கைக் காலின் வாரை இறுக்கிக்கொண்டிருந்தார். "நண்டு இருந்துச்சாடா?" என்றார்.

"இருந்துச்சுப்பா."

எத்தனை வகை என்று அவர் கேட்கவில்லை. கேட்டிருந்தால் என்னிடம் பதில் இல்லை.

இதைப் படிக்கிறவர்களில் எங்களை வேலைக்கு வைத்திருக்கிறவர்களும் இருப்பீர்கள். சம்பளத்தைக் கூட்டுங்கள் என்று நான் கேட்கவில்லை. சான்றிதழைப் பிள்ளைகள் கையில் கொடுங்கள். வீட்டில் ஒருவர் காலில் புண் என்றால், இயர் எண்டோ எந்த எண்டோ, நாலு நாள் விடுங்கள். உங்கள் வீட்டிலேயே இப்படி ஒரு பிள்ளை ராத்திரி பதினொன்றரைக்கு வந்து பேசாமல் சோற்றைப் பிசைந்துகொண்டிருந்தால், ஏசி ரூமில்தானே உட்கார்ந்திருந்தாய் என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள். என்ன ஆயிற்று என்று கேளுங்கள். கேட்டுவிட்டுக் கொஞ்ச நேரம் பக்கத்தில் இருங்கள்.

அந்த வார்னிங் லெட்டர் இன்னும் என் ஃபைலில்தான் இருக்கிறது. போன மாதம் எச்.ஆர். ஃபைலைத் திறந்தபோது பார்த்தேன். கைப்பற்றப்பட்ட பொருள் என்ற இடத்தில் 'டிஷ்யூ பேப்பர், ஒன்று' என்று எழுதியிருக்கிறது. நண்டைப் பற்றி ஒன்றும் இல்லை.